கட்டிலோர வக்கீல்

கட்டிலோர வக்கீல் என்று ஓர் இனம் உண்டு. சட்டக் கல்லூரிப் பக்கம் மழைக்குக்கூட ஒதுங்கியிருக்காது. கறுப்பு அங்கி கிடையாது, கட்சிக்காரர் கிடையாது, கட்டணமும் கிடையாது. உங்கள் கால் முறிய வேண்டும், அவ்வளவுதான். மறுநாள் மாலை பார்வை நேரம் தொடங்கி ஐந்தாவது நிமிடம் அது உங்கள் தலைமாட்டில் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்திருக்கும்.

தைவான் முழுக்கவே இந்த இனம் பரவிக் கிடந்தாலும், ஸ்க்ரூ பாக்டரிகள் தோளோடு தோள் இடித்துக்கொண்டு நிற்கும் எங்கள் காங்ஷானில் கொஞ்சம் கூடுதல். காலை ஏழு மணிக்கும் ஏழே முக்காலுக்கும் இடையே ஊரே ஸ்கூட்டரில் ஏறுகிறது. ஊரே ஏறினால் யாராவது விழத்தானே செய்வார்கள்? விழுந்தவர் வேலைக்குப் போகிற வழியில் விழுந்திருந்தால் அது வேலையில் பட்ட காயம், தொழிலாளர் காப்பீட்டில் இழப்பீடு உண்டு. வேறெங்கோ போகிற வழியில் விழுந்திருந்தால் அது அவர் தலையெழுத்து. இந்த இரண்டுக்கும் நடுவே ஒரு குறுகிய சந்து இருக்கிறதே, அங்கேதான் கட்டிலோர வக்கீல் குடியிருக்கிறார்.

கண்டுபிடிப்பது கடினமில்லை. கையில் கண்ணாடித் தாள் சுற்றிய மூன்று ஆப்பிள் இருக்கும். நோயாளியின் முகத்தைப் பார்க்கும் முன் கால்மாட்டில் தொங்கும் அட்டையைப் பார்ப்பார். அதில் ஓர் எழுத்தும் விளங்காது. ஆனாலும் "ம்ம்" என்பார். கம்பியில் தூக்கிக் கட்டிய காலைப் பார்த்துக்கொண்டே "எந்தக் கால்?" என்பார். நீங்கள் பதில் சொல்வதற்குள் தன் மைத்துனரின் காலுக்குப் போயிருப்பார். அது உங்கள் காலைவிட மோசமாக முறிந்த கால், இன்னும் பெரிய லாரியால் முறிந்த கால், அதற்கு அந்த மைத்துனர் வாங்கிய தொகையைக் கேட்டால் மிச்சமிருக்கும் காலையும் முறித்துக்கொள்ளலாமா என்று உங்களுக்கே சபலம் தட்டும்.

ஒரே வார்டில் இரண்டு கட்டிலோர வக்கீல்கள் சேர்ந்துவிட்டால் பார்க்க வேண்டுமே! முதலில் புன்னகை. பிறகு ஆளுக்கொரு தீர்ப்பு. பிறகு, "உங்க ஆளுக்கு எத்தனை சதவீதம் தப்புன்னு போட்டான்?" "முப்பது." "முப்பதா? விட்டீங்களா?" என்று நாற்காலிகள் நெருங்கி, தலைகள் நெருங்கி, இரண்டு நோயாளிகளும் ஒருவரையொருவர் பார்த்துப் பெருமூச்சு விட்டுக்கொள்வார்கள். தாகம் எடுத்தால் நர்ஸைத்தான் கூப்பிட வேண்டும்.

லியாவ் இந்த இனத்தில் நல்ல வளர்ச்சி கண்ட ஒருவர். வயது ஐம்பத்து நான்கு. ஸ்க்ரூ பாக்டரி ஒன்றில் பண்டகசாலைப் பொறுப்பாளர். பன்னிரண்டு வருடத்துக்கு முன் ஒரு பேருந்தின் பக்கக் கண்ணாடி அவர் தோளை உரசிவிட்டுப் போனது. உரசியது, அவ்வளவுதான். முதல் வருடம் அது வீக்கமாக இருந்தது. நான்காம் வருடம் எலும்பில் கீறல் விழுந்தது. இப்போது அவர் சொல்வதைக் கேட்டால், அந்தத் தோள் ஒரு பகல் முழுக்கத் தனியாகச் சாலையின் எதிர்ப்பக்கம் கிடந்திருக்குமோ என்று சந்தேகம் வருகிறது. அந்தத் தோளுக்கு ஏதோ கொஞ்சம் கிடைத்தது. அன்றிலிருந்து பாக்டரியில் யார் எங்கே விழுந்தாலும் லியாவ் அண்ணன் ஆஜர்.

அவருக்கு ஒரே ஒரு வேதவாக்கியம் உண்டு: "எதுலயும் கையெழுத்துப் போடாத." டாக்டர் தாள் நீட்டினாலும் சரி, மோதியவன் மாலைபோட்டு மன்னிப்பு எழுதிக் கொடுத்தாலும் சரி, போடாதே. ஊர் முழுக்கப் பேசலாம். எழுத்தில் மட்டும் இருக்கக் கூடாது.

இப்படிப்பட்டவர் கையில்தான் சுவாங் ஜுய்மெய் சிக்கினாள்.

ஜுய்மெய் அதே பாக்டரியில் பொதிகட்டும் பிரிவு. நாற்பத்தாறு வயது. இருபத்தொரு வருடமாக ஸ்க்ரூக்களைப் பெட்டியில் நிரப்பி மூடி ஒட்டுகிறாள். யாரிடமும் "முடியாது" என்று சொல்லி அறியாதவள். அந்த ஒரு சொல் தெரியாத காரணத்தால், அவள் பிரிவில் அவளோடு சேர்த்து ஆறு பேருக்கும் பண்டகசாலை லியாவுக்கும் காலை டிபன் வாங்கிவரும் பொறுப்பு தானாக அவள் ஸ்கூட்டரில் ஏறி உட்கார்ந்துகொண்டது. எங்கள் பக்கம் பாக்டரிகளில் இது வழக்கம்தான். வரும் வழியில் ஒருவர் வாங்கிவருவார், மற்றவர்கள் தின்பார்கள்.

முன்பெல்லாம் பாக்டரி வாசல் கடையில்தான் வாங்கினாள். ஆறு வருடத்துக்கு முன் லியாவ் அந்தக் கடை முள்ளங்கி அப்பத்தை ஒரு வாய் கடித்துவிட்டு, "இது அப்பமா, ஊறின சோப்பா?" என்று கேட்டார். அரிசிமாவும் முள்ளங்கியும் சேர்த்து அவித்து, துண்டு போட்டுக் கல்லில் முறுகலாகச் சுடவேண்டிய பண்டம். ஓரம் கருகாவிட்டால் அவருக்கு நாளே விடியாது. அப்படிச் சுடுகிற கடை ஒன்றுதான்: நேர்ச் சாலையிலிருந்து இடப்பக்கம் திரும்பி, சந்துக்குள் இருநூறு அடி போனால் வரும் சோயாப்பால் கடை. அன்றிலிருந்து ஜுய்மெய்யின் ஸ்கூட்டர் தினமும் அந்தச் சந்துக்குள் வளைந்தது. ஒரு மனிதரின் நாக்குக்காக ஆறு வருடம் வளைந்த வழி.

ஒரு செவ்வாய்க்கிழமை காலை ஏழு இருபதுக்கு, ஏழு பொட்டலமும் கொக்கியில் ஆட, கடையிலிருந்து பத்தடி வந்திருப்பாள். ஓரமாக நின்ற காரின் கதவு திறந்தது. திறந்தவர் திரும்பிப் பார்க்கவில்லை. இடது முழங்காலுக்குக் கீழே எலும்பு இரண்டு துண்டு. உள்ளே ஒரு தகடு, ஆறு ஸ்க்ரூ.

அவளுக்கு வலியைவிடப் பெரிய கவலை ஒன்று இருந்தது. வீட்டில் வேறு சம்பளம் கிடையாது. மகள் தைனானில் நர்சிங் இரண்டாம் வருடம். மூன்று மாதமாவது கால் தரையில் ஊன்றக் கூடாது என்றார் டாக்டர். இதை வேலைக்குப் போகும் வழியில் நடந்த விபத்து என்று ஒப்புக்கொண்டால் அந்த மூன்று மாதத்துக்கும் இழப்பீடு வரும். ஒப்புக்கொள்ளாவிட்டால் மகள் படிப்பை நிறுத்திவிட்டு ஏதாவது கடையில் நிற்க வேண்டியதுதான். "நான் நிறுத்திக்கிறேம்மா, ஒண்ணும் இல்ல" என்று அந்தப் பெண் போனில் சொன்னது, எலும்பு முறிந்த சத்தத்தைவிடத் தெளிவாக அவள் காதில் நின்றது.

மறுநாள் மாலை லியாவ் வந்தார். மூன்று ஆப்பிள் வந்தது.

பொதிகட்டும் பிரிவில் ஜுய்மெய்க்குப் பக்கத்து மேசைக்காரி ஆஹோங், பீடை கழிவதற்காகப் பன்றிக்கால் போட்ட சேமியா சூப்பை ஊட்டிக்கொண்டிருந்தாள். முப்பது வயது, வாயில் வசம்பு வைக்காமல் வளர்த்துவிட்டார்கள்.

"அக்கா, உள்ள வச்சிருக்கிற ஸ்க்ரூ நம்ம கம்பெனிதா?"

"டாக்டர்கிட்ட கேக்கலடீ."

"நம்ம சரக்குன்னா இன்னொரு தடவ எண்ணிப் பாக்கச் சொல்லுங்க. ஒண்ணு குறையும்."

லியாவ் இதற்குச் சிரிக்கவில்லை. அட்டையைப் பார்த்து "ம்ம்" என்றார். "எந்தக் கால்?" என்றார். பிறகு குரலைத் தாழ்த்தி, "எதுலயும் கையெழுத்துப் போடலையே?" என்றார்.

"ஆபரேஷனுக்குப் போட்டேன் அண்ணே."

"அவசரப்பட்டுட்டியே. சரி விடு. காலு இருக்குல்ல, அது போதும்."

அடுத்தது விபத்தை நடத்திக் காட்டும் கட்டம். தட்டிலிருந்த கமலாப்பழத்தை எடுத்தார், அது ஜுய்மெய். தண்ணீர்க் குவளை கார். மாத்திரை டப்பாவின் மூடி, கார்க் கதவு. போர்வையில் ஒரு மடிப்பு எடுத்துச் சந்து உண்டாக்கினார். பழம் உருண்டு வந்தது, மூடி திறந்தது, பழம் விழுந்தது. மறுபடி உருட்டினார். மறுபடி விழுந்தது. மூன்றாம் முறை விழுந்தபோது ஜுய்மெய்க்குக் கால் வலித்தது. நாலாவது முறைக்குப் பிறகு லியாவ் திருப்தியோடு தலையாட்டிவிட்டு, பேசிக்கொண்டே ஜுய்மெய்யை உரித்துத் தின்றார்.

"அது சரி, சந்துக்குள்ள எதுக்குப் போன?" என்றார், கொட்டையைத் துப்பியபடி.

ஜுய்மெய் அவரை வியப்போடு பார்த்தாள். "டிபன் வாங்கத்தானே அண்ணே."

"டிபன்ங்கற பேச்சையே எடுக்காத!"

"ஏன் அண்ணே?"

"உன் வீட்டுலேருந்து பாக்டரிக்கு நேர் ரோடு இருக்கா இல்லையா? இருக்கு. அதுல போனியா? போகல. திரும்பின. எதுக்குத் திரும்பின? வயித்துக்கு. முடிஞ்சுது! இதுக்குப் பேரு வழி விலகல். ஃபைல மூடிக் கயிறு கட்டிருவான்."

"அந்த வயிறு யாரோட வயிறு அண்ணே?" என்றாள் ஆஹோங், கரண்டியை நீட்டி.

"இப்ப அதுவா பேச்சு?"

"அதான் பேச்சு. ஓரம் கருகணும், முட்டை மேல போடணும், சாஸ் தனியா கட்டணும்... இதெல்லாம் அக்கா வயித்துக்கா?"

"ஆஹோங், நோயாளி முன்னாடி சத்தம் போடக் கூடாது. படிச்ச புள்ளதான நீ?"

எங்கள் விபத்துப் படிவத்தில் ஒரு கட்டம் உண்டு. வீட்டிலிருந்து வேலையிடம் வரை போகும் வழியைப் படமாக வரைந்து, விபத்து நடந்த இடத்தைக் குறிக்க வேண்டும். வழக்கமான நேர்வழி இல்லையென்றால் காரணம் எழுத வேண்டும். சாதாரண ஜனங்கள் இரண்டு கோடு கிழித்து ஒரு பெருக்கல் குறி போடுவார்கள். லியாவ் சாதாரண ஜனமா? சட்டைப்பையிலிருந்து சிவப்பு, நீலம், கறுப்பு மூன்று பேனா எடுத்தார், ரூலர் எடுத்தார், சாப்பாட்டு மேசையைக் கட்டிலின் குறுக்கே இழுத்து, ஜுய்மெய்யின் சூப்பை ஓரந்தள்ளி, ஒண்ணேகால் மணி நேரம் வரைந்தார். மூலையில் வடக்கு காட்டும் அம்பு. நான்கு இடத்தில் சிக்னல், ஒவ்வொன்றிலும் மூன்று விளக்கு. கூரை நுனி வளைந்த கோயில். பாக்டரிக்குப் புகைபோக்கி, புகை. எங்கள் பாக்டரிக்குப் புகைபோக்கியே கிடையாது. சந்தும் இருந்தது, சந்தில் பெருக்கல் குறியும் இருந்தது. சோயாப்பால் கடைதான் இல்லை. அது இருந்த இடத்தில் ஒரு மரம் நின்றது, இலையெல்லாம் தனித்தனியாக.

நேர்ச் சாலையின் நடுவே ஒரு பள்ளம். பள்ளத்தின் அருகே மண் தோண்டும் இயந்திரம். அதன் பக்கத்தில் கொடி பிடித்த ஒரு மனிதன், தலைக்கவசத்தோடு.

காரணம் என்ற இடத்தில் எழுதினார்: "நேர்ச் சாலை தோண்டப்பட்டிருந்ததால் சந்து வழியாகச் சென்றேன்."

"அண்ணே, அங்க யாரும் தோண்டலையே," என்றாள் ஜுய்மெய்.

"ஜுய்மெய், நம்ம ஊருல ரோடு தோண்டாத நாளு எது? இன்னிக்கு இல்லன்னா நேத்து. நேத்து இல்லன்னா நாளைக்கு. கையெழுத்துப் போடு."

"எதுலயும் போடாதன்னு..."

"இதுல போடலாம். இது நான் வரைஞ்சது."

அவள் அந்த இயந்திரத்தையே கொஞ்ச நேரம் பார்த்தாள். வலி மருந்தில் அது லேசாக அசைவதுபோல் இருந்தது. யார் எது கேட்டாலும் குறித்துக்கொண்டு வாங்கிவந்து பழகிய கை. கையெழுத்தையும் அப்படியே கொடுத்துவிட்டது.

ஐந்து வாரம் கழித்து, வீட்டில் காலை ஸ்டூலில் தூக்கி வைத்து உட்கார்ந்திருந்தபோது போன் வந்தது. காப்பீட்டு அலுவலகத்திலிருந்து ஓர் இளம்பெண்ணின் குரல்.

"சுவாங் அம்மாவா? உங்க வழிப் படம் பத்திப் பேசணும். ரொம்ப நல்லா இருக்கும்மா. அந்த மெஷினோட பல்லக்கூட எண்ணலாம்."

"ம்..."

"ஆனா அந்த மெஷின் எங்கம்மா? அந்தத் தேதில அந்த ரோட்டுல ஒரு வேலையும் நடக்கலன்னு நகர அலுவலகம் சொல்லுது. தோண்டினது யாரு? தண்ணியா, கரண்டா, கேஸா?"

"அது..." என்று இழுத்தாள் ஜுய்மெய்.

"யோசிச்சுச் சொல்லுங்க. தெரிஞ்சே தப்பாச் சொன்னதுன்னு ஆயிட்டா விண்ணப்பத்தையே தள்ளிடுவாங்க."

போனை வைத்ததும் அவள் யாரைக் கூப்பிட்டிருப்பாள் என்று நினைக்கிறீர்கள்? படகைக் கவிழ்த்தவரிடமே கரை எங்கே என்று கேட்பதுதானே நம் வழக்கம்?

"பதறாத," என்றார் லியாவ். "மெஷின் இல்ல, வெறும் பள்ளம்தான்னு மாத்திச் சொல்லு. இல்லன்னா மயக்க மருந்துல ஒண்ணும் தெரியலன்னு சொல்லு."

"ரெண்டுல எது அண்ணே?"

"ரெண்டையும் சொல்லு."

அவள் போனை மறு காதுக்கு மாற்றினாள். பிறகு, வாழ்க்கையில் முதல்முறையாக, யாரிடமும் கேட்டிராத மாதிரி ஒன்று கேட்டாள்.

"அண்ணே, நீங்க தினமும் காலைல என்ன சாப்பிடுவீங்கன்னு அவங்ககிட்ட சொல்லவா?"

"என்ன? கேக்கல. லைன் சரியில்ல. பண்டகசாலைல சிக்னலே இருக்காது, ஜுய்மெய்..."

பத்து வருடத்துக்கும் மேலாக அதே பண்டகசாலையில் உட்கார்ந்துதான் அவர் உலகத்துக்கெல்லாம் போனில் ஆலோசனை சொல்கிறார்.

ஜுய்மெய் ஒரு டம்ளர் தண்ணீர் குடித்தாள். அலுவலகத்து எண்ணை அவளே அழுத்தினாள்.

"அம்மா... மெஷின் இல்ல. டிபன் வாங்கப் போனேன்."

"டிபனா? இத மொதல்லயே சொல்றதுக்கு என்ன? சாப்பிடாம யாரு வேலைக்குப் போறா? வழில டிபன் வாங்குறது அன்றாடத் தேவைம்மா. அதுக்காக யாரையும் தள்ள மாட்டோம்."

ஐந்து வாரமாக முதுகில் ஏறியிருந்த மண் தோண்டும் இயந்திரம் இறங்கிப் போனது. அத்தோடு நிறுத்தியிருக்கலாம். ஆனால் உண்மை சொல்லத் தொடங்கியவர்களுக்கு எங்கே நிறுத்துவது என்று தெரிவதில்லை.

"ஏழு டிபன்," என்றாள்.

"ஏழா? நீங்க ஒருத்தர் சாப்பிடவா?"

"எனக்கு ஒரே ஒரு சோயாப்பால்தான்."

இப்போது அந்தப் பெண் சிரித்துவிட்டாள்; பிறகு இருமி, அலுவலகக் குரலுக்குத் திரும்பினாள். மூன்று வேண்டும், வெள்ளிக்கிழமைக்குள். உண்மையான வழியின் படம். தினமும் இதுதான் வழி என்று, டிபன் சாப்பிட்டவர்களின் கையெழுத்து. அப்புறம், அந்த மெஷினைப் போட்டது யாரோ, அவர் கைப்பட ஒரு வரி. "இல்லன்னா நீங்களே தெரிஞ்சு எழுதின பொய்யாத்தான் எடுத்துக்குவாங்க. யாரும்மா வரைஞ்சது?"

"தெரிஞ்சவங்க," என்றாள் ஜுய்மெய். காட்டிக்கொடுக்கவும் அவளுக்கு வரவில்லை.

வியாழக்கிழமை மதியம் ஊன்றுகோலோடு அவளே பாக்டரி சாப்பாட்டுக் கூடத்துக்கு வந்தாள். ஆஹோங் தாளைத் தயாராக வைத்திருந்தாள்: இடப்பக்கம் பெயர், நடுவில் டிபன், வலப்பக்கம் கையெழுத்து. முட்டைச் சுருள், வெங்காய ரொட்டி, சோற்று உருண்டை, மறுபடி முட்டைச் சுருள், ஆஹோங்குக்குச் சர்க்கரை போடாத சோயாப்பாலும் பொரித்த மாவுக் குச்சியும். ஐந்து பேரும் மென்றுகொண்டே போட்டார்கள். தாள் லியாவிடம் வந்தது. அவர் மூக்குக்கண்ணாடியைத் தேடினார். அது மூக்கிலேயே இருந்தது.

"'முள்ளங்கி அப்பம், ஓரம் கருகியது'ன்னு எழுதியிருக்கியே," என்றார். "இதெல்லாம் அரசாங்கத் தாள்ல வரலாமா?"

"அப்ப கருகாததுன்னு திருத்தட்டுமா?" என்றாள் ஆஹோங்.

"அதுக்கில்ல. இத நல்லாப் புரிஞ்சுக்கணும். நான் இதுல கையெழுத்துப் போட்டா சாட்சி ஆயிடுவேன். சாட்சி ஆயிட்டா அப்பறம் ஜுய்மெய்க்கு ஆலோசனை சொல்ல முடியாது. சட்டம் அப்படி."

"அந்த நஷ்டத்த நாங்க தாங்கிக்கிறோம் அண்ணே. போடுங்க."

கூடத்தில் சிரிப்பு பரவியது. லியாவின் காது சிவந்தது. "என் பேரு ஒரு தாள்ல ஏறினா அது எங்கெங்க போகும்னு உங்களுக்குத் தெரியுமா? நான் என்ன அவள சந்துக்குள்ள போன்னு சொன்னேனா? வாங்கிட்டு வான்னுதான் சொன்னேன். வழி அவளாப் பாத்துக்கிட்டது."

சிரிப்பு நின்றது. ஜுய்மெய் ஊன்றுகோலை மேசையில் சாய்த்துவிட்டு அவருக்கு எதிரே உட்கார்ந்தாள். உட்காருவதற்கே அரை நிமிடம் ஆனது.

"அண்ணே, அன்னிக்கு விழுந்து கிடக்கும்போது எழுந்திரிக்க முடியல. தலையத் திருப்ப முடியல. கண்ணுக்கு நேரா உங்க அப்பம்தான் கிடந்துச்சு. அஞ்சு நிமிஷம் அதையேதான் பாத்துக்கிட்டிருந்தேன்."

லியாவ் தட்டைப் பார்த்தார்.

"சாஸ் தனியாத்தான் கட்டியிருந்தாங்க," என்றாள்.

"கொட்டலையா?" என்றார் லியாவ். அது வக்கீல் குரல் இல்லை. எங்கிருந்தோ தவறி வெளியே வந்துவிட்ட வேறொரு குரல்.

"கொட்டல."

அவர் எழுந்தார். "யோசிக்கிறேன்," என்றார். பண்டகசாலைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். மாலை வரை யோசித்தார். மறுநாள் காலையும் யோசித்துக்கொண்டுதான் இருந்தார்.

வெள்ளிக்கிழமை ஆஹோங் அரைநாள் விடுப்பு எடுத்து ஜுய்மெய்யை டாக்ஸியில் அலுவலகத்துக்கு அழைத்துப் போனாள். அந்த இளம்பெண் இவர்கள் நினைத்ததைவிடவும் இளையவள். மேசையில் பாதி குடித்த டீ. ஜுய்மெய் தான் வரைந்த படத்தைக் கொடுத்தாள். கோடுகள் கோணல்; சந்து கொஞ்சம் புழு மாதிரி நெளிந்தது; சோயாப்பால் கடை மட்டும் பெரிதாக, வாசலில் ஏழு சின்ன வட்டத்தோடு இருந்தது. அந்தப் பெண் ஐந்து கையெழுத்தையும் டிபன் பட்டியலோடு படித்தாள். "மெஷின் போட்டவரு?"

"தரல," என்றாள் ஜுய்மெய். சொன்னபிறகு தலையை நிமிர்த்தவில்லை. மகளின் "ஒண்ணும் இல்ல" மறுபடி காதில் விழுந்தது.

அந்தப் பெண் பழைய படத்தை ஃபைலிலிருந்து உருவி, விளக்குக்கு நேரே சாய்த்துப் பிடித்தாள். "இது என்ன, சக்கரத்துக்குக் கீழ?"

சிவப்பாக ஒரு சின்னச் சதுரம். பெயர் முத்திரை; எங்கள் ஊரில் கையெழுத்துக்குச் சமம். மண் தோண்டும் இயந்திரத்தின் சங்கிலிச் சக்கரத்துக்கு அடியில், கல் போலத் தெரியும்படி, நேர்த்தியாகக் குத்தப்பட்ட லியாவின் முழுப்பெயர்.

பதினெட்டு வருடமாகப் பண்டகசாலையில் முத்திரை குத்தாமல் ஒரு சீட்டும் அவர் மேசையைத் தாண்டியதில்லை. கையெழுத்துக்குப் பயந்த மனிதருக்கு முத்திரை நினைவிலேயே இல்லை. அல்லது இருந்ததோ என்னவோ, அவ்வளவு அழகான படத்தை அநாதையாக அனுப்ப எந்தக் கலைஞனுக்கு மனம் வரும்?

யாரென்று ஆஹோங் சொல்ல, அந்தப் பெண் பாக்டரிக்குப் போன் போட்டு, பண்டகசாலையைக் கேட்டாள். சிக்னல் இல்லாத பண்டகசாலையில் முதல் மணியிலேயே எடுத்தார்கள்.

"லியாவ் சாரா? ஒரு வழிப் படம் பத்தி. இந்த மெஷின் நீங்க வரைஞ்சதா?"

ஜுய்மெய் ஊன்றுகோலை இறுகப் பிடித்திருந்தாள். மறுமுனையில் ஒருவர் தன் வேதவாக்கியத்தோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார்.

"ஏன்?" என்றது ஒலிபெருக்கியில் குரல். பிறகு, கொஞ்சம் மெதுவாக: "நல்லா இருக்கா?"

"ரொம்ப நல்லா இருக்கு சார். எங்க ஆபீஸ்ல எல்லாரும் பாத்தோம். ரூலர் வச்சு வரைஞ்சீங்களா?"

"ரூலர் ரோட்டுக்கு மட்டும்தான்!" குரல் மலர்ந்தது. "மெஷின் பூரா வெறும் கை. அந்தக் கொடிக்காரன் இருக்கான் பாருங்க, அவனும் கைதான்."

"நீங்களே, அவங்க சொல்லாம?"

"அவ எங்க சொன்னா? அவ அங்க தோண்டலையேன்னுதான் சொன்னா. எனக்குத்தான் அந்த இடம் வெறிச்சுன்னு இருந்துச்சு."

ஆஹோங் வாயைப் பொத்திக்கொண்டு சுவர்ப் பக்கம் திரும்பினாள். அந்தப் பெண் ஒவ்வொரு சொல்லையும் எழுதிக்கொண்டாள். அன்று மாலைக்குள் லியாவிடமிருந்து நான்கு பக்கக் கடிதமும் வந்து சேர்ந்தது. அதில் மேற்படி இயந்திரம் சாலைகளின் பொதுவான நிலைமையைக் குறிப்பால் உணர்த்தவே இடம்பெற்றது என்று இருந்தது. முத்திரையும் இருந்தது. முள்ளங்கி அப்பம் நான்கு பக்கத்திலும் இல்லை.

மூன்றாவது வாரம் இழப்பீடு அனுமதியாயிற்று. ஜுய்மெய் மகளுக்கு அனுப்பிய செய்தியில் இரண்டே சொல்தான்: "படிப்பை நிறுத்தாதே." அதை அனுப்பிவிட்டுக் காலைத் தடவிக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தாள். இப்போது கைத்தடியோடு பேருந்தில் வேலைக்கு வருகிறாள், ஒரு சோயாப்பாலோடு. மற்றவர்கள் தாங்களே வாங்கிக்கொள்கிறார்கள். லியாவ் வாசல் கடை அப்பத்தைத் தின்று, இதற்கு வழக்குப் போட இடமிருக்கிறதா என்று பார்க்கிறார்.

திருந்தினாரா என்று கேட்கிறீர்களா? கட்டிலோர வக்கீல் தோற்ற வழக்கு என்று ஒன்று சரித்திரத்திலேயே கிடையாது. போன மாதம் சூளைப் பிரிவில் ஒருவர் ஸ்கூட்டரோடு சறுக்கி மணிக்கட்டை முறித்துக்கொண்டார். லியாவ் மறுநாளே மூன்று ஆப்பிளோடு அவர் பக்கத்தில். "ஜுய்மெய் கேஸ் தெரியும்ல? நான்தான் படம் போட்டுக் குடுத்தேன். நான்தான் எழுதியும் குடுத்தேன். பாஸ் ஆச்சு." இதில் ஒரு வார்த்தை பொய்யா, சொல்லுங்கள்? அதுதான் இந்த இனத்தின் சாமர்த்தியம்.

சரி, லியாவை விடுங்கள். நீங்கள்?

இவ்வளவு நேரம் அமைதியாகத்தான் படித்தீர்களா? அந்தக் கார்க் கதவைத் திறந்த ஆசாமியைப் பற்றி இங்கே ஒரு வரிக்கு மேல் இல்லை, கவனித்திருப்பீர்கள். போலீஸ் என்ன சொன்னது, அவன் எவ்வளவு கொடுத்தான், கடைக் கேமராவை யாராவது பார்த்தார்களா என்று எதுவும் இல்லை. வேண்டுமென்றுதான் விட்டது. "அட, அவனை ஏன் சும்மா விட்டார்கள்? முதல் வேலையாக அவனிடம் அல்லவா..." என்று உங்களுக்குள் ஏதோ ஒன்று இரண்டாம் பக்கத்திலிருந்தே அரித்துக்கொண்டிருந்ததா? உங்கள் சித்தப்பா மகனுக்கு இதேபோல் நடந்ததும், அதில் நீங்கள் சொன்ன ஒரு யோசனையும் நினைவுக்கு வந்ததா? ஜுய்மெய் மட்டும் அன்றைக்கு உங்களிடம் கேட்டிருந்தால் என்று நாக்கு நுனி வரை வந்துவிட்டதா?

அப்படியானால், காங்ஷான் ஆஸ்பத்திரியில் எலும்பு வார்டு மூன்றாம் மாடி. பார்வை நேரம் மாலை ஆறரை முதல் எட்டு வரை. கையில் எந்தப் பழம் வேண்டுமானாலும் எடுத்துப் போங்கள், அன்னாசி மட்டும் வேண்டாம். எங்கள் பேச்சுமொழியில் அதன் பெயர் 'அமோகமாக வரும்' என்பதுபோல் ஒலிக்கும். அன்னாசி உள்ளே வந்தால் வார்டில் கூட்டம் கூடிவிடும் என்று நர்ஸுகள் பயப்படுகிறார்கள்.

நீங்கள் ஒருவரே போதும்.